ஆயாவின் மங்குக் கிண்ணமும் கியோட்டோவின் உருஷிப் பாலும்

ஆயா (அம்மாவின் அம்மா) வீட்டு மங்குக் கிண்ணம் என் கையிலிருந்து நழுவி உடைந்து இரண்டு வருஷம் ஆகியிருந்தது. உடைந்ததை வீட்டில் வைத்துக்கொள்ளக் கூடாது என்று அம்மா பலமுறை சொல்லிப் பார்த்தார்கள். எனக்குத் தூக்கிப் போட மனசு வரவில்லை. துண்டுகளைப் பழைய காட்டன் துணியில் சுற்றி, ஒரு எவர்சில்வர் டப்பாவில் போட்டு, அலமாரியின் மேல்தட்டில் வைத்திருந்தேன். ஏப்ரலில் தங்கையைப் பார்க்க ஜப்பான் கிளம்பியபோது அந்த டப்பாவையும் பெட்டியில் வைத்துக்கொண்டேன்.

காரைக்குடிப் பக்கத்து வீடுகளில் மங்கு சாமான் என்றால் எல்லோருக்கும் தெரியும். கடல்தாண்டிக் கொண்டுவிக்க, அதாவது வியாபாரத்துக்கு, போனவர்கள் கப்பலில் வாங்கி வந்த பீங்கான் ஜாடிகள், கோப்பைகள், தட்டுகள். இந்தக் கிண்ணம் ஆயாவின் அப்பச்சி, அதாவது அப்பா, பர்மாவிலிருந்து கொண்டுவந்தது என்று சொல்வார்கள். வெள்ளை உடம்பு, விளிம்பை ஒட்டி ஒரு நீலக்கோடு, கோடு ஆரம்பித்த இடமும் முடிந்த இடமும் சரியாகச் சேராமல் ஒரு சின்ன பிசிறு. அடியில் பாதி அழிந்த முத்திரை. அந்த முத்திரையில் உள்ள ஆங்கில எழுத்துகளைக் கூட்டிப் படித்தால் ‘மேட் இன் ஜப்பான்’. செய்த ஊருக்கே கொண்டுபோய்ச் சரிசெய்யலாம் என்ற எண்ணம் வந்ததே அதைப் பார்த்துத்தான்.

தங்கை டோக்கியோவில் நிஷி கசாயில் இருக்கிறாள். டப்பாவைத் திறந்து பார்த்ததும், “ஆச்சி, இதையா இம்புட்டுத் தூரம் தூக்கிட்டு வந்தீக?” என்றாள். எங்கள் பக்கம் அக்காவை ஆச்சி என்றுதான் கூப்பிடுவோம். கேட்டுக்கொண்டே துண்டுகளை மேசையில் பரப்பிச் சேர்த்துப் பார்க்கவும் ஆரம்பித்துவிட்டாள். பெரிய துண்டு மூன்று. விளிம்பில் ஓரிடத்தில் சுண்டுவிரல் நகம் அளவுக்குச் சில்லு காணாமல் போயிருந்தது.

கின்ட்சுகி என்ற பெயரைக் கேள்விப்பட்டிருப்பீர்கள். கின் என்றால் பொன், ட்சுகி என்றால் ஒட்டு. உடைந்த பீங்கானை ஒட்டி, ஒட்டிய கோட்டை மறைக்காமல் அதன்மேல் பொன்னால் வரைவது. தங்கத்தை உருக்கி விரிசலில் ஊற்றுவார்கள் என்றுதான் போகும்வரை நான் நினைத்திருந்தேன். நிறையப் பேர் அப்படித்தான் எழுதிவைத்திருக்கிறார்கள். அது தவறு. உடைந்ததை ஒட்டிப் பிடித்துக்கொண்டிருப்பது உருஷி என்ற மரத்தின் பால். தங்கம் கடைசி நாளில் மேலே தூவும் தூள், அவ்வளவுதான். வேலையில் தொண்ணூறு பங்கு தங்கம் வருவதற்கு முன்பே முடிந்துவிடுகிறது. இது தெரியாமல் போனதால் ஒரு பகல் பொழுதும் கொஞ்சம் பணமும் வீணானது. அதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

டோக்கியோவில் இறங்கிய மூன்றாம் நாள் ஒரு பயிற்சி வகுப்புக்குப் பதிவு செய்திருந்தேன். ஒன்றரை மணி நேரம், 7,500 யென். பதிவுப் பக்கத்தில் ‘பாரம்பரிய முறை’ என்று போட்டிருந்தது. போய் உட்கார்ந்ததும் ஏற்கெனவே இரண்டாக உடைத்துவைத்த ஒரு சின்னத் தட்டைக் கொடுத்தார்கள். பக்கத்தில் இரண்டு ட்யூப். நம் ஊரில் சம அளவு பிதுக்கிக் கலந்து ஒட்டுவோமே, அதே எபாக்ஸி. ஒட்டி, பத்து நிமிஷம் பிடித்து, பிதுங்கியதைச் சுரண்டி, மேலே ஒரு செயற்கைப் பூச்சில் பொன்னிறத் தூளைக் குழைத்துக் கோடு போடச் சொன்னார்கள். தூள் பித்தளை. “இதில் சாப்பிடலாமா?” என்று கேட்டேன். சொல்லிக்கொடுத்த பெண் உடனே, “கூடாது, அலங்காரத்துக்கு மட்டும்தான்” என்றாள். அவள் மறைக்கவில்லை. பதிவுப் பக்கம்தான் மறைத்திருந்தது. எனக்கு வருத்தமாகத்தான் இருந்தது. ஆயாவின் கிண்ணம் இருந்த டப்பாவைப் பையிலிருந்து வெளியே எடுக்கவே இல்லை.

ஆனாலும் அந்த வகுப்பை நான் ஒதுக்கமாட்டேன். குழந்தைகளோடு போகிறவர்களுக்கும், கையில் ஒரே ஒரு நாள் இருப்பவர்களுக்கும் அது போதும். எந்த முறை என்பதை முன்பே சொல்லிவிட்டால் சரி. எனக்கும் அங்கே ஒரு நல்ல பாடம் கிடைத்தது. பக்கத்து மேசையில் ஒருவருக்கு ஐந்து துண்டாக உடைந்த கோப்பை. அவர் கைக்கு வந்த வரிசையில் நான்கை ஒட்டிவிட்டார். ஐந்தாவது உள்ளே நுழையவே இல்லை, வாசல் அடைத்துக்கொண்டது. பசை தொடுவதற்கு முன் துண்டுகளைச் சும்மா சேர்த்துப் பார்த்து, எதற்குப் பின் எது என்று முடிவு செய்து, ஒவ்வொன்றின் மேலும் காகித டேப் ஒட்டி எண் எழுதிக்கொள்ள வேண்டும். எபாக்ஸியோ உருஷியோ, இதற்கு விலக்கு கிடையாது.

நீங்கள் பதிவு செய்வதற்கு முன் கேட்கவேண்டியவை நாலே விஷயம். ஒட்டுவது எதனால்? தூவுவது தங்கமா பித்தளையா? முடிந்தபின் அதில் சாப்பிடலாமா? எப்போது கையில் கிடைக்கும்? ‘இன்றைக்கே எடுத்துப் போகலாம்’ என்று பதில் வந்தால் அது உருஷி இல்லை, மேலே வேறெதுவும் கேட்கத் தேவையில்லை. உருஷியில் செய்த கிண்ணம் எதுவும் அன்றைக்கே வீட்டுக்கு வராது. நடுவில் இன்னொரு வகையும் உண்டு. முந்திரிக்கொட்டை ஓட்டு எண்ணெயிலிருந்து செய்த, ‘கஷ்யூ’ என்று சொல்லும் பூச்சு. உருஷிக்குப் பதிலாக ஜப்பானில் பல பத்தாண்டுகளாகப் புழங்குகிறது. பண்ருட்டிப் பக்கம் கொட்டை உடைக்கிறவர்களின் கையைக் கறுக்கவைக்கும் அதே எண்ணெய்தான்.

கியோட்டோவில் உண்மையான உருஷியில் வேலை செய்யும் ஒரு சென்செய் (ஆசிரியர்) இருப்பதைத் தங்கை ஏற்கெனவே விசாரித்து வைத்திருந்தாள். ஜப்பானிய மொழியில் அவள்தான் கடிதம் எழுதினாள். பதிலில் இரண்டு கேள்விகள் வந்தன. வீட்டில் ஏதாவது பசை போட்டு ஒட்டிப் பார்த்தீர்களா? மாம்பழத் தோலோ முந்திரியோ உங்களுக்கு ஒத்துக்கொள்ளாமல் போனதுண்டா?

முதல் கேள்வி முக்கியமானது. நிறையப் பேர் உடைந்த அன்றைக்கே அவசரத்தில் ஃபெவிக்விக் போட்டு ஒட்டிவிடுகிறார்கள். அந்தப் பசை விளிம்பில் பூந்துவிட்டால் உருஷி பிடிக்காது. எல்லாவற்றையும் ஊறவைத்துக் கழற்றிச் சுரண்டிவிட்டுத்தான் ஆரம்பிக்க வேண்டும். உடைந்தால் ஒட்டாதீர்கள். தூள் தூளாகக் கிடப்பதையும் சேர்த்துப் பொறுக்கித் துணியில் சுற்றி வையுங்கள். இரண்டாம் கேள்விக்கு நான் ‘இல்லை’ என்று எழுதச் சொன்னேன். அதற்குப் பின்னால் வருகிறேன்.

21ஆம் தேதி கியோட்டோவில் இருக்கும்படி பார்த்துக்கொண்டோம். மாதந்தோறும் அன்றைக்குத் தோஜி கோயிலில் சந்தை கூடும். கியோட்டோ ரயில் நிலையத்திலிருந்து நடந்தே போய்விடலாம். ஐந்து மாடிப் பகோடாவின் நிழலில் பழைய துணி, ஊறுகாய், செடி, பீங்கான் என்று கடை விரித்திருந்தார்கள். விளிம்பு சிதைந்த கோப்பைகளை ஒரு கூடையில் தனியாகப் போட்டிருந்தார் ஒருவர். ஒன்று 300 யென். நல்ல சாமான் மேல் கைவைப்பதற்கு முன் பழக அதில் இரண்டு வாங்கிக்கொண்டேன். 25ஆம் தேதி போகிறவர்களுக்குக் கிதானோ தென்மாங்கு கோயிலில் இதே மாதிரி சந்தை உண்டு.

சென்செய்யின் பட்டறை கோஜோ தெருவுக்கு உள்ளே ஒரு பழைய மர வீடு. அறுபது வயதிருக்கும் அம்மாள். டப்பாவைத் திறந்து துணியை விரித்ததும் அவர் துண்டுகளைத் தொடவில்லை. முதலில் எனக்கு ஒரு வணக்கம், பிறகு கிண்ணத்துக்கு ஒரு வணக்கம் என்பதுபோல் தலை குனிந்தார். அடிப்பாகத்தைத் திருப்பி முத்திரையைப் பார்த்தார். “வெளிநாட்டுக்கு அனுப்பச் செய்த அன்றாடச் சாமான். விலை உயர்ந்தது இல்லை” என்று தங்கை மூலமாகச் சொன்னார். பிறகு நீலக்கோட்டின் பிசிறில் விரல் வைத்து, “இந்த இடத்தில் செய்தவரின் கை ஒரு கணம் தயங்கியிருக்கிறது” என்றார். இத்தனை வருஷம் தினமும் பார்த்தும் எனக்கு அது தோன்றியதில்லை.

முழு வேலைக்கும் இரண்டு, மூன்று மாதம் ஆகும். பயணி யாரும் அவ்வளவு நாள் தங்கமுடியாது. அதனால் அவர் ஒரு ஏற்பாடு வைத்திருந்தார். என் கிண்ணத்தில் முதல் கட்டமான ஒட்டும் வேலையை நான் செய்வேன். நடுவில் உள்ள கட்டங்களை அவர் செய்வார். கடைசிக் கட்டமான தங்கம் தூவுவதை, ஏற்கெனவே அந்த நிலைக்கு வந்து நிற்கும் அவருடைய ஒரு கோப்பையில் நான் பழகிக்கொள்ளலாம். கிண்ணம் தயாரானதும் தங்கை போய் வாங்கிக்கொள்வாள். மூன்றரை மணி நேரத்துக்கும் பாக்கி வேலைக்கும் சேர்த்து 20,000 யென். தங்கத்தின் விலை தனி. நான் கொடுத்த பணத்தில் ஒரு யென்கூட வீண் இல்லை.

கையுறை, அதற்கு மேல் கைப்பட்டை. முதலில் உடைந்த விளிம்புகளை மெல்லிய அரத்தால் லேசாகத் தேய்த்துக் கூர்மையைப் போக்கினோம். பிறகு மாவு. ஆமாம், கோதுமை மாவேதான். கண்ணாடிப் பலகையில் ஒரு ஸ்பூன் மாவைக் கொட்டி, சொட்டுச் சொட்டாகத் தண்ணீர் விட்டு, தட்டைக் கரண்டியால் அழுத்தி அழுத்திப் பிசைய வேண்டும். காதுமடல் பதத்துக்கு வந்ததும் அதற்குச் சமமாக உருஷி. ட்யூபிலிருந்து வரும்போது அது பால் நிறைய விட்ட காப்பி நிறத்தில் இருக்கிறது. காற்றுப் பட்டதும் ஓரத்திலிருந்து கறுக்கத் தொடங்குகிறது. கண் முன்னாலேயே டிகாக்‌ஷன் நிறத்துக்குப் போய்விடுகிறது. புளித்த ஒரு வாசனை. கலந்து பிசைந்து கரண்டியைத் தூக்கினால் நூல் நூலாக இழுக்க வேண்டும். சென்செய் கரண்டியைத் தூக்கிக் காட்டியபோது நான் தமிழில், “கம்பிப் பதம்!” என்று சொல்லிவிட்டேன். தங்கை அதை மொழிபெயர்க்க, பாகு காய்ச்சும் விவரம் எல்லாம் அவர் கேட்டுத் தெரிந்துகொண்டார். இந்தப் பசைக்குப் பெயர் முகி உருஷி. முகி என்றால் கோதுமை.

பசையை இரண்டு விளிம்பிலும் தடவ வேண்டும், அதுவும் மெல்லிசாக. அதிகமாகப் போட்டால் பலமாக ஒட்டும் என்று கை நினைக்கும். உண்மை நேர்மாறு. தடிமனாக இருந்தால் உள்ளே இறுகாது. தடவியவுடன் சேர்க்கவும் கூடாது. கொஞ்ச நேரம் விட்டு, தொட்டால் ஒட்டிக்கொள்ளும் பிசுபிசுப்பு வந்ததும் சேர்த்து அழுத்த வேண்டும். கோடு நெடுகச் சன்னமாகப் பழுப்புப் பசை பிதுங்கி வரும். அதைத் துடைக்கக் கூடாது, இறுகியபின் சுரண்டுவார்கள். சேர்த்ததும் நகத்தை ஒட்டின் குறுக்கே இழுத்துப் பார்க்க வேண்டும். இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம், அந்தப் பக்கத்திலிருந்து இந்தப் பக்கம். எந்தத் திசையிலும் நகம் தட்டக் கூடாது.

முதல் ஒட்டில் தட்டவில்லை. இரண்டாவதில் விளிம்புக்குக் கீழே ஓரிடத்தில் தட்டியது. சென்செய் என் விரலைப் பிடித்து அந்த இடத்தில் வைத்தார். முடி அளவு மேடு. “இப்போது என்றால் கழற்றி மறுபடி சேர்க்கலாம். நாளைக்கு முடியாது” என்றார். நான் இரண்டு மணி நேரமாகக் குனிந்தபடி இருந்தேன். கழற்றினால் முதல் ஒட்டும் அசைந்துவிடுமோ என்று பயந்தேன். இருக்கட்டும் என்று சொல்லிவிட்டேன். அவர் வற்புறுத்தவில்லை. கழற்றியிருக்க வேண்டும். இதைப் படித்துவிட்டுப் போகிறவர்களுக்கு நான் சொல்வது இது ஒன்றுதான்: அந்த நேரத்தில் சோர்வு வரும், அதற்கு இடம் கொடுக்காதீர்கள்.

காகித டேப் போட்டு இறுக்கியபின் கிண்ணம் ஒரு மரப்பெட்டிக்குள் போனது. உள்ளே ஈரத்துணி, ஓரத்தில் ஒரு வெப்பமானி, ஈரமானி. எனக்கு மிகவும் பிடித்த பகுதி இது. உருஷி காய்வதில்லை, இறுகுகிறது. அந்தப் பாலில் லாக்கேஸ் என்ற நொதி இருக்கிறது. காற்றிலுள்ள ஈரம் இருந்தால்தான் அது வேலை செய்து பாலைக் கெட்டியாக்கும். 20 முதல் 30 டிகிரி சூடு, 70 முதல் 85 சதவீதம் ஈரப்பதம். வெயிலில் வைத்தாலோ ஹேர் டிரையர் போட்டாலோ ஒன்றும் நடக்காது. மழைக்காலத்தில் வடகம் காயவில்லை என்று கவலைப்படுகிற நமக்கு இது புதுசு. சென்னையில் இருந்துகொண்டு வீட்டிலேயே பழக நினைப்பவர்களுக்கு ஒரு சௌகரியம், ஐப்பசி கார்த்திகையில் இந்தப் பெட்டி இல்லாமலே பாதி வேலை நடந்துவிடும்.

பெட்டிக்குள் ஒன்றிரண்டு வாரம். அதன்பின் சென்செய் செய்யப்போகும் வேலைகளை ஒவ்வொன்றாக மாதிரித் துண்டுகளில் காட்டினார். நுண்ணிய கல்பொடியைத் தண்ணீரில் குழைத்து உருஷி சேர்த்த சபி என்ற பூச்சால் பள்ளங்களை நிரப்புவது. சில்லு போன இடத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக, ஒரு பூச்சு இறுகியபின் அடுத்தது என்று வளர்ப்பது. தண்ணீர் தொட்டுத் தேய்த்துச் சமமாக்குவது. மேலே கறுப்பு உருஷி, மறுபடி தேய்ப்பு, மறுபடி கறுப்பு. ஒவ்வொரு தடவையும் பெட்டி, ஒவ்வொரு தடவையும் காத்திருப்பு. ஏன் இத்தனை மாதம் என்று கேட்கவே தோன்றவில்லை.

தங்கம் தூவும் கோப்பையை அதன்பின் என் முன்னால் வைத்தார். கோடு கறுப்பாக, கண்ணாடி போல் வழவழப்பாக இருந்தது. அதன்மேல் பூனைமுடி போல் மெல்லிய தூரிகையால் சிவப்பு உருஷியில் ஒரு கோடு. சிவப்பு எதற்கு? போட்ட இடம் கண்ணுக்குத் தெரியவும், மேலே வரும் பொன்னுக்குச் சூடான நிறம் கிடைக்கவும். நான் போட்ட கோட்டைப் பார்த்துவிட்டுப் பாதியைத் துடைத்து எடுத்துவிட்டார். “இன்னும் மெல்லிசாக. நிறைய இருந்தால் தங்கம் மூழ்கிவிடும்.” மறுபடி போட்டேன். பிறகு காத்திருந்தோம், தேநீர் வந்தது. அரை மணி கழித்துக் கோப்பையை வாய்க்கு அருகே கொண்டுபோய் மெல்ல மூச்சு விடச் சொன்னார். சிவப்புக் கோட்டின் மேல் ஒரு கணம் நீலம் பூத்தாற்போல ஒரு மங்கல் படர்ந்து மறைந்தது. அதுதான் பதம். அதற்கு முன்பு தூவினால் தங்கம் மூழ்கும், பின்பு தூவினால் ஒட்டாது.

தங்கத்தூள் ஒரு சிட்டிகைதான், காகிதப் பொட்டலத்தில். தங்க இலையைச் சர்க்கரைப் பாகு போன்ற ஒரு கூழோடு சேர்த்து அரைத்து எடுக்கும் மிக நுண்ணிய தூள். ஜப்பானில் செய்யும் தங்க இலை ஏறக்குறைய முழுக்கவும் கனாசாவா நகரத்துடையது. பட்டுப் பஞ்சில் தூளைத் தொட்டுக் கோட்டின்மேல் சுழற்றிச் சுழற்றி ஒற்ற வேண்டும். தேய்க்கக் கூடாது. முதல் ஒற்றில் ஒன்றுமே தெரியவில்லை. மூன்றாவது, நான்காவது சுற்றில் சிவப்பு மறைந்து மஞ்சள் எழுந்து வந்தது. நான் மூச்சை அடக்கிக்கொண்டிருந்தேன். சிதறிய தூளைத் தூரிகையால் கூட்டிப் பொட்டலத்தில் சேர்த்தார். கீழே ஒரு துகள்கூட விடவில்லை.

தங்கத்தைவிட உருஷியைத்தான் அவர் சிக்கனமாகப் புழங்கினார் என்பதையும் கவனித்தேன். ஒரு மரம் பத்துப் பதினைந்து வருஷம் வளர்ந்தால் கிட்டத்தட்ட 200 மில்லிதான் பால் தரும். கோடையில் சில நாளுக்கு ஒருமுறை பட்டையைக் கீறிச் சொட்டுச் சொட்டாக வழித்தெடுத்துவிட்டு, பருவ முடிவில் மரத்தை வெட்டிவிடுவார்கள். அடியிலிருந்து தழைப்பதை மறுபடி வளர்ப்பார்கள். ஜப்பானில் புழங்கும் உருஷியில் பெரும்பகுதி சீனாவிலிருந்து வருகிறது. உள்நாட்டுப் பாலில் பெரும்பங்கு தருவது வடக்கே இவாத்தே மாகாணத்தில் ஜோபோஜி என்ற ஊர்.

மறுநாள் கின்காகுஜி (Ginkaku-ji) போனோம். பொன் மண்டபம் இல்லை, வெள்ளி மண்டபம் என்று சொல்வது. அந்தக் கோயில் முதலில், ஷோகனாக (நாட்டை ஆண்ட படைத்தலைவராக) இருந்த அஷிகாகா யோஷிமாசா 1482இல் கட்டத் தொடங்கிய மாளிகை. கின்ட்சுகிக்கும் இவர் பெயரைத்தான் சொல்வார்கள். இவருடைய சீனக் கிண்ணம் விரிசல் விட்டதாம், புதிதாக ஒன்று கேட்டுச் சீனாவுக்கு அனுப்பினாராம், அதுபோல் இனிமேல் கிடைக்காது என்று இரும்புக் கவ்வி அடித்துத் திருப்பி அனுப்பினார்களாம், அது அசிங்கமாக இருக்கிறது என்று ஜப்பானியர் தங்கத்தால் ஒட்டும் முறையைக் கண்டுபிடித்தார்களாம். இந்தக் கடைசி வரி எனக்கு உறுத்துகிறது. அந்தக் கிண்ணம் இன்றைக்கும் டோக்கியோ தேசிய அருங்காட்சியகத்தில் இருக்கிறது, கவ்விகளோடு. சீனாவில் லாங்சுவானில் செய்த 13ஆம் நூற்றாண்டுப் பச்சைப் பீங்கான். கவ்விகள் பெரிய வெட்டுக்கிளி போல் இருப்பதாகப் ‘பகோஹான்’ என்று செல்லப் பெயரே வைத்துப் போற்றியிருக்கிறார்கள். 1727இல் இதோ தோகாய் என்ற அறிஞர் அதன் கதையை எழுதிவைத்தார். அசிங்கம் என்று நினைத்தவர்கள் இப்படியா காப்பாற்றுவார்கள்? தங்கம் வருவதற்கு ஆயிரக்கணக்கான வருஷம் முன்பே, ஜோமோன் என்ற வரலாற்றுக்கு முந்தைய காலத்திலேயே, உடைந்த மண்பாண்டத்தை உருஷியால் ஒட்டிப் புழங்கியிருக்கிறார்கள். அந்தப் பகோஹான் எப்போதும் காட்சியில் இருக்காது. பார்க்க ஆசைப்படுகிறவர்கள் அருங்காட்சியகத்தின் தளத்தில் தேடிவிட்டுப் போங்கள்.

கின்காகுஜியிலிருந்து திரும்பும்போதுதான் மணிக்கட்டு அரிக்க ஆரம்பித்தது. கையுறை முடிகிற இடத்துக்கும் கைப்பட்டைக்கும் நடுவில் ஒரு விரல் அகலம் இடைவெளி. அங்கே எப்போதோ ஒரு பொட்டு உருஷி பட்டிருக்கிறது. இரவுக்குள் சிவந்து தடித்து, காலையில் சின்னச் சின்னக் கொப்புளம். சேங்கொட்டைப் பால் பட்டால் வருமே, அச்சு அசலாக அதேதான். சும்மா சொல்லவில்லை, உருஷி, சேங்கொட்டை, முந்திரி, மா எல்லாம் ஒரே குடும்பத்து மரங்கள். வண்ணார் துணியில் குறிபோடும் சேங்கொட்டையின் மையும் உருஷியின் பாலும் தோலுக்குச் செய்வது ஒரே வேலை. ‘இல்லை’ என்று பதில் எழுதச் சொன்னேனே, அப்போது சின்ன வயசில் மாங்காய்ப் பால் பட்டு உதட்டோரம் வெந்துபோனது நினைவுக்கு வரவே இல்லை. மாம்பழத் தோல் என்றுதானே கேட்டார்கள் என்று விட்டுவிட்டேன். உங்களுக்கு மாங்காய்ப் பால், சேங்கொட்டை, முந்திரி ஓடு எது பட்டும் வெந்திருந்தால் முன்பே சொல்லுங்கள்.

கையுறையை முழங்கைவரை இழுத்துவிடுங்கள், முழுக்கைச் சட்டை போடுங்கள். உருஷி தோலில் பட்டால் தண்ணீர் வேண்டாம், முதலில் சமையல் எண்ணெயால் துடைத்துவிட்டுப் பிறகு சோப்பு. பட்டறையில் ஒரு கிண்ணத்தில் எண்ணெய் அதற்காகத்தான் வைத்திருந்தார்கள். பட்டது தெரிந்திருந்தால் நானும் துடைத்திருப்பேன். எரிச்சல் உடனே தெரியாது, ஒன்றிரண்டு நாள் கழித்துத்தான் வரும். ஆகவே பயணத்தின் கடைசி நாளில் இந்த வகுப்பை வைத்துக்கொள்ளாதீர்கள். விமானத்தில் சொறிந்துகொண்டு வர நேரும். எனக்கு டோக்கியோவில் ஒரு தோல் மருத்துவர் களிம்பு கொடுத்தார், பத்து நாளில் அடங்கியது. முழுக்க இறுகிய உருஷியால் இந்தத் தொல்லை இல்லை. உருஷி பூசிய கிண்ணத்தில்தானே அவர்கள் மிசோ சூப் குடிக்கிறார்கள்.

ஜூலைக் கடைசியில் கிண்ணம் தயார் என்று சென்செய் எழுதினார். தங்கை போய் வாங்கினாள். கூடவே ஒரு தாள், எப்படிப் புழங்க வேண்டும் என்று. மைக்ரோவேவில் வைக்கக் கூடாது, அடுப்பில் வைக்கக் கூடாது, பாத்திரம் கழுவும் இயந்திரத்தில் போடக் கூடாது. கம்பி நார், சபீனா எதுவும் ஆகாது. மெத்தென்ற பஞ்சு போதும். ராத்திரி முழுக்கத் தண்ணீரில் ஊறப்போடக் கூடாது. புளிப்பு, உப்பு, சூடான தேநீர் இவற்றை உருஷி தாங்கும். தாங்காதது வெயில், அதனால் ஜன்னலோரம் வேண்டாம். கோப்பைக் காது போல எடை தாங்கும் இடத்தை ஒட்டியிருந்தால் அதைப் பிடித்துத் தூக்காமல் அடியில் கைகொடுத்துத் தூக்கவேண்டும் என்றும் எழுதியிருந்தார்.

பிள்ளையார் நோன்புக்குத் தங்கை ஊருக்கு வந்தபோது கிண்ணமும் வந்தது. அம்மா மூக்குக் கண்ணாடி போட்டுக்கொண்டு வாசல் வெளிச்சத்தில் உட்கார்ந்து பார்த்தார்கள். பொன்கோடு இரண்டு கிளையாகப் பிரிந்து, சில்லு போன இடத்தில் ஒரு சின்ன இலை போல விரிந்து, நீலக்கோட்டைத் தாண்டி இறங்கியது. வெளியே தூக்கிப் போடு என்றவர்கள் அதைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. கட்டைவிரலைக் கோட்டின்மேல் மெல்ல ஓட்டிக்கொண்டே வந்தார்கள். விளிம்புக்குக் கீழே விரல் நின்றது.

“இந்த இடத்துல தட்டுதே.”

“அது நான் ஒட்டுனதும்மா.”

மறுபடி ஒருதரம் தடவிப் பார்த்துவிட்டு, “பால் ஊத்தலாம்ல?” என்று கேட்டபடியே எழுந்து அடுப்படிக்குப் போனார்கள்.